பால் பாதையில் என் சிவப்புக் கற்கள்

அந்த ஞாயிற்றுக்கிழமைக் காலையில் சின்னக்காட்டின் முதல் பிரிவில் நான் நின்றுகொண்டிருந்தேன். எனக்குப் பின்னால் சிற்றம்பலத்தார் நின்றார். அவருக்குப் பின்னால் காட்டைக் காவல் காக்கும் வாச்சர் குணபால நின்றான். எங்கள் மூவருக்கும் முன்னால் பனி நின்றது.

இடப்பக்கம் ஒரு பாதை, வலப்பக்கம் ஒரு பாதை. சிவப்புக் கல் நட்டு, பக்கத்து மரத்தில் சிவப்புத் துணி கட்டி, "இதுதான் வழி" என்று நான் அடையாளம் வைத்தது இடப்பக்கத்தில். கல்லும் துணியும் இப்போது இருந்தது வலப்பக்கத்தில்.

"என்ன காணும், யோசிக்கிறீர்?" என்றார் சிற்றம்பலத்தார்.

"யோசிக்கல்லீங்க ஐயா. பனி கொஞ்சம் வெலகட்டும்னு நின்னேன்."

என் கால்களுக்கு வழி தெரியும். அவை இடப்பக்கம் போகத்தான் பார்த்தன. ஆனால் நான் கால்களை நம்புகிறவன் அல்லன். என் கையால் எழுதி வைத்ததை நம்புகிறவன். கல் அங்கே இருக்கிறது என்றால் வழியும் அங்கேதான் இருக்க வேண்டும். வலப்பக்கம் திரும்பினேன்.

போன வாரம் இந்தப் பத்தியில் என் குடையின் வரலாற்றை எழுதியதைப் படித்துவிட்டு ஒரு நண்பர், "மனிதர்களைப் பற்றி எப்போது எழுதுவதாக உத்தேசம்?" என்று கேட்டார். இந்த வாரம் மனிதர்கள் வருகிறார்கள். ஒரு மரையும், அதாவது மலைக்காட்டுப் பெரிய மானும், வருகிறது. குடையும் கொஞ்சம் வரும், பொறுத்துக்கொள்ள வேண்டும்.

எந்த வீட்டில் இழவு?

சின்னக்காடு என்பது நாங்கள் வைத்த பெயர். நுவரெலியாப் பட்டணத்தின் ஓரத்தில், கடைசித் தெரு முடிகிற இடத்தில், வெட்டாமல் விட்ட ஒரு துண்டுக் காடு அது. காட்டுக்கு இந்தப் பக்கம் பசார். அந்தப் பக்கம் தேயிலை மலையும் தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயங்களும். நடுவில் பாசி பிடித்த மரங்கள், ஒரு குளம், மரைகள், காட்டுக்கோழிகள், கருங்குரங்குகள், கணக்கில் அடங்காத அட்டைகள். பசாரில் சீனி நிறுக்கும் சத்தம் கேட்கும் தூரத்தில் மரை நின்றது என்றால் இன்றைய வாசகர்கள் நம்ப மாட்டார்கள்.

நான் அப்போது என் தாய்மாமாவின் புடவைக்கடையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தேன். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுகளின் நடுப்பகுதி அது. வயிறு மேசையைத் தொடத் தொடங்கியிருந்தது. "நடக்க வேணும்" என்றார் டாக்டர். தனியாக நடக்க வெட்கமாக இருந்ததால் ஒரு கழகம் அமைத்தேன். இன்னும் நாலைந்து கடைக்காரர்கள் சேர்ந்தார்கள். நானே செயலாளர்.

முதல் நாள் நடையை மறக்க முடியாது. எல்லோரும் ஒரே மாதிரி வர வேண்டும் என்று நான் சொல்லியிருந்ததால் எல்லோரும் வெள்ளை வேட்டியில் வந்தார்கள். வரிசையாக வர வேண்டும் என்றும் சொல்லியிருந்தேன். மிருகங்கள் கலையாமல் இருக்க வாய் பேசக் கூடாது என்றும் சொல்லியிருந்தேன்.

பசாரைத் தாண்டும்போது தேத்தண்ணிக் கடை முருகையா ஓடி வந்தார். தோளில் கிடந்த துண்டை இறக்கி இடுப்பில் கட்டிக்கொண்டார்.

"எந்த வீட்டுல எழவுங்க? எனக்கு ஒருத்தரும் சொல்லலியே!"

"எழவு இல்ல முருகையா. சும்மா நடக்குறோம்."

"சும்மாவா? எங்க போறதுக்கு?"

"போயிட்டுத் திரும்பி வர்றதுக்கு."

அவர் துண்டை அவிழ்த்து மறுபடி தோளில் போட்டுக்கொண்டார். மலைநாட்டில் காலையில் நடக்கிறவர்களுக்கு ஒரு காரணம் இருக்கும். கொழுந்து எடுக்க நடப்பார்கள், விறகுக்கு நடப்பார்கள், பிணத்தோடு நடப்பார்கள். காரணமே இல்லாமல் நடந்த முதல் கூட்டம் நாங்களாகத்தான் இருக்க வேண்டும். அடுத்த வாரம் இரண்டு பேர் நின்றுவிட்டார்கள். அவர்களுடைய வீட்டுப் பெண்கள் அபசகுனம் என்று சொல்லிவிட்டார்களாம்.

ஓர் அம்பு வரைந்த கதை

அந்தக் காட்டுக்கு ஒரு பாதுகாப்புக் கமிட்டி இருந்தது. அதன் தலைவர்தான் சிற்றம்பலத்தார். யாழ்ப்பாணத்துக்காரர். நில அளவையில் வேலை பார்த்து ஓய்வுபெற்று, குளிர் பிடித்துப்போய் இங்கேயே தங்கிவிட்டவர். மனிதர்களிடம் கடுகடுப்பார். மரையைக் கண்டால் தொப்பியைக் கழற்றுவார்.

எங்கள் கழகத்தின் செயலாளர் என்ற முறையில் என்னையும் கமிட்டியில் சேர்த்துக்கொண்டார்கள். சேர்ந்த உற்சாகத்தில் ஒரு யோசனை சொன்னேன். பட்டணத்து வாசலில் தொடங்கி, குளத்தைச் சுற்றி, மறுபடி வாசலுக்கே வந்து சேரும் ஒரு வட்டப்பாதை. பார்க்க வருகிறவர்கள் வழி தவறாமல் இருக்க, பிரிவுகள் தோறும் அடையாளக் கல்.

"செய்யும்" என்றார் சிற்றம்பலத்தார்.

செய்தேன். எப்படிச் செய்தேன் என்பதைத்தான் வாசகர்கள் கவனிக்க வேண்டும். வெள்ளை பனியில் தெரியாது. பச்சை காட்டில் தெரியாது. மஞ்சள் பழுத்த இலையோடு கலந்துவிடும். எனவே சிவப்பு. கடையில் வெட்டுத்துண்டாகக் கிடந்த சிவப்புத் துணியைக் கிழித்து மரங்களில் கட்டினேன். முழங்கால் உயரக் கற்களைத் தேடி, செங்குத்தாக நட்டு, தகரக் கூரைக்கு அடிக்கிற செங்காவிப் பெயிண்டை அடித்தேன். அது காய்ந்த பிறகு ஒவ்வொரு கல்லிலும் வெள்ளையில் ஓர் அம்பு. நேரே போக வேண்டிய இடத்தில் மேல்நோக்கிய அம்பு. திரும்ப வேண்டிய இடத்தில் படுத்த அம்பு. அம்பின் முனையை அகலமாக, இலை போல, அழகாக வரைந்தேன். எனக்குச் சித்திரம் வரும்.

செங்குத்தான கல். அதற்குச் சிவப்பு. நடுவில் வெள்ளையில் இலை போன்ற முனையுள்ள ஒரு கோல். மேலே மரத்தில் சிவப்புத் துணி.

வாசகர்களுக்கு இந்நேரம் புரிந்திருக்கும். எனக்குப் புரியவில்லை. ஆயுத பூசைக்குக் கடைத் தராசுக்குக் குங்குமம் வைக்கிறவன் நான். வருடம் தவறாமல் கோயிலுக்கு வேல் தூக்கிப் போகிறவன். ஆனாலும் அன்று நான் சாமி கும்பிடுகிறவனாக இல்லை, செயலாளராக இருந்தேன்.

அட்டைக்கு உப்பு

காட்டில் இன்னொரு பாதையும் இருந்தது. அதை யாரும் போடவில்லை. நடந்து நடந்து விழுந்த பாதை. லயத்திலிருந்து பசாருக்குக் குறுக்கே வந்து, எங்கள் முதல் பிரிவில் வட்டப்பாதையோடு சேரும். அதைப் பால் பாதை என்று நான் என் நாட்குறிப்பில் எழுதி வந்தேன். காரணம் பேச்சியம்மா.

பேச்சியம்மா எங்கள் வீட்டுக்குப் பால் ஊற்றுகிறவள். அந்தப் பக்கத்துத் தோட்டத்தில் கொழுந்து எடுத்தவள். முதுகு விழுந்ததும், காலையில் பெயர் கூப்பிட்டு வேலை கொடுக்கும் பெரட்டில் அவள் பெயரை வெட்டிவிட்டார்கள். மகன் வீட்டு லயத்துக்குப் பின்னால் இரண்டு மாடு கட்டி, விடியற்காலையில் கறந்து, மூடி போட்ட வாளியைத் தலையில் வைத்து, கம்பளியைப் போர்த்திக்கொண்டு காட்டுக்குள்ளால் வருவாள். அவளோடு பசாரில் கூட்டிப் பெருக்கப் போகிற பெண்களும் வருவார்கள்.

எல்லார் இடுப்பிலும் ஓர் உப்பு முடிச்சு இருக்கும். அட்டை ஏறினால் முடிச்சை நனைத்து ஓர் ஒற்று. அட்டை சுருண்டு விழும்.

நான் உப்பை நம்பவில்லை. சவர்க்காரம் பூசிப் பார்த்தேன். அட்டை நுரையோடு ஏறியது. புகையிலைத் தண்ணீர் பூசினேன். எனக்குத் தலை சுற்றியது, அட்டைக்கு ஒன்றும் இல்லை. கடைசியில் கம்பளிக் காலுறையை முழங்காலுக்கு மேல் இழுத்து, அதைக் கடைச் சணல் கயிற்றால் கட்டினேன். காட்டை விட்டு வெளியே வந்து பார்த்தபோது அட்டை காலில் இல்லை, கழுத்தில் இருந்தது.

முள்ளுக்கம்பி

அந்த மழைக்காலத்தில் தீபாவளிக் கணக்கு என்னைக் கடையிலேயே கட்டிப்போட்டது. சில வாரங்கள் காட்டுப் பக்கமே போகவில்லை.

நான் போகாத அந்த வாரங்களில் சிற்றம்பலத்தார் தன் வீட்டுப் பக்கத்து ஒற்றையடிப் பாதையால் போனார். குளக்கரையில் தொப்பியோடும் தொலைநோக்கிக் கண்ணாடியோடும் காலை தோறும் உட்கார்ந்தார். வழக்கமாகக் குளத்துக்கு வந்த மரைகள் வரவில்லை. ஒன்றுகூட.

கமிட்டிக் கூட்டத்தில் அவர் முகம் இறுகியிருந்தது.

"மிருகம் ஏன் வரேல்லை? சனம் நடமாடுது. பாலும் வாளியும் கதையும் சிரிப்பும். மரை நிக்குமே? ஞாயிற்றுக்கிழமை நான் வந்து கடைசியாய் ஒருக்கால் பாப்பன். ஒண்டும் இல்லையெண்டால் திங்கக்கிழமை அந்தக் குறுக்குப் பாதைக்கு முள்ளுக்கம்பி. செயலாளர், நீர் உம்மடை வட்டப்பாதையாலை என்னைக் கூட்டிக்கொண்டு போம்."

"சரிங்க ஐயா" என்றேன். கமிட்டிகளில் நான் அதிகம் பேசிய சொல் அதுதான்.

மறுநாள் காலை பின்கதவில் பால் வாளி மூடியின் சத்தம் கேட்டது. போத்தலில் பாலை ஊற்றிவிட்டுப் பேச்சியம்மா போகாமல் நின்றாள்.

"கணக்கையா, ஒரு வார்த்த கேக்கணுங்க. திங்கக்கெழம கம்பி கட்டப் போறாங்களாமே?"

"யாரு சொன்னா?"

"யாரு சொல்லணும்? கம்பிச் சுருளு காட்டு வாசல்ல வந்து எறங்கிருச்சு. கண்ணால பாத்தேன்."

"அது கமிட்டி முடிவு பண்ணணும் பேச்சி."

"கமிட்டில நீங்க இல்லீங்களா?"

"இருக்கேன்."

"அப்பறம் என்னங்க, சொல்லுங்க! ரோட்டால சுத்தி வந்தா மொத பஸ்ஸு போயிரும். பஸ்ஸுக்கு நிக்கிற ஆளுங்க போனப்பறம் எந்தத் தேத்தண்ணிக் கடக்காரன் பாலு வாங்குவான்? கொழுந்துக் கூட தூக்க முதுகு வளைய மாட்டேங்குது. பேரையும் வெட்டியாச்சு. அந்த ரெண்டு மாடுதான் இப்ப எனக்குப் பெரட்டு, அதுதான் எனக்குச் சம்பளம். பாத போச்சுன்னா மாட்ட வித்துட்டு மருமக கையப் பாத்துக்கிட்டு குந்தியிருக்க வேண்டியதுதான்."

என் மனைவி செண்பகம் உள்ளேயிருந்து வந்தாள். "ஐயா பேசுவாரு, நீ போ பேச்சி" என்று அவளை அனுப்பிவிட்டு என்னைப் பார்த்தாள்.

"பேசுவீங்கதானே?"

"பேசுறேன்."

"இந்த வீட்டுல பால் போட்ட தேத்தண்ணி வேணும்னா பேசிட்டு வாங்க."

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டும். அந்த வாரங்களில் எனக்கு வீட்டில் மரியாதை கூடியிருந்தது. தோசைக்கு நெய் தாராளமாக விழுந்தது. என் காலுறைகளைச் செண்பகம் தானாகவே துவைத்துக் காயப்போட்டாள். ஒரு நாள் காரணமில்லாமல் என் தலையில் எண்ணெய் வைத்துவிட்டாள். கமிட்டியில் சேர்ந்த பிறகு மனைவிக்கும் என் அருமை தெரிந்துவிட்டது என்று நான் முடிவு செய்திருந்தேன். அந்த மரியாதையைக் காப்பாற்றவாவது பேசியாக வேண்டும்.

பேச்சைத் தயாரித்தேன். மூன்று காரணங்கள். முதலாவது மனிதாபிமானம், இரண்டாவது வழக்கம், மூன்றாவது பசாரின் பால் தேவை. கண்ணாடி முன் நின்று சொல்லிப் பார்த்தேன். "ஐயா, மூன்று காரணங்கள்" என்று தொடங்கும்போது வலது கையைச் சிறிது உயர்த்துவது நன்றாக இருந்தது.

எல்லா அம்பும் மேலே

மறுபடி அந்த ஞாயிற்றுக்கிழமைப் பனிக்குள் வருகிறேன்.

வலப்பக்கம் திரும்பி நடந்தோம். ஈர மண்ணும் அழுகிய இலையும் கலந்த வாசம். எங்கோ ஒரு காட்டுக்கோழி கூவி நிறுத்தியது. பேச்சைத் தொடங்க இதுவே நேரம் என்று தொண்டையைச் செருமினேன்.

"உஸ்! சத்தம் போடாதையும். மிருகங்கள் ஓடியிடும்" என்றார் சிற்றம்பலத்தார்.

அதை நான் எதிர்பார்க்கவில்லை. பேச்சில் மூன்று காரணங்கள் இருந்தன. பேசக் கூடாத இடத்தில் எப்படிப் பேசுவது என்பதற்கு ஒன்றும் இல்லை.

இரண்டாவது கல் வந்தது. அம்பு மேல்நோக்கி இருந்தது. நேரே. சரி.

மூன்றாவது கல்லில் நான் படுத்த அம்பு வரைந்தது நன்றாக நினைவிருந்தது. இப்போது கல்லையே திருப்பி நட்டிருந்தது போல அம்பு மேலே பார்த்தது. நேரே.

"இதிலை திரும்ப வேணுமெண்டு அண்டைக்குச் சொன்னீரே?" என்று காதருகில் கேட்டார் சிற்றம்பலத்தார்.

"பாதைய நேராக்கிட்டோம் ஐயா. சௌகரியத்துக்காக" என்று கிசுகிசுத்தேன்.

பின்னால் ஒரு சத்தம். திரும்பிப் பார்த்தேன். குணபால வாயைக் கையால் பொத்திக்கொண்டிருந்தான். காட்டில் பிறந்தவனைப் போல அங்கே திரிகிறவன். நாங்கள் எங்கே போகிறோம் என்று அவனுக்குத் தெரியாமல் இராது. ஆனால் அவன் கமிட்டியில் இல்லை. அதனால் ஒன்றும் சொல்லவில்லை.

"குளம் எங்கை காணும்?"

"வருங்க ஐயா."

குளம் வரவில்லை. நாலாவது கல் வந்தது. அதன் தலையில் செவ்வந்திப் பூ இருந்தது. ஐந்தாவதன் முன்னால் கற்பூரம் எரிந்த கறுப்பும், வெட்டிக் குங்குமம் தடவிய ஓர் எலுமிச்சம்பழமும் இருந்தன.

"உதென்ன தேசிக்காய்?"

"அட்டைக்குங்க" என்றேன். அட்டைக்கு எலுமிச்சம்பழம் என்று நான் அதற்கு முன் கேள்விப்பட்டதே இல்லை.

அங்கே குணபால நின்று செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டான்.

"மாத்தயா, இங்க தெய்யோ, சாமி இருக்காரு. சப்பாத்து போட்டு போறது சரியில்ல."

"என்ன தெய்யோ?" என்று அவர் கேட்க வாயெடுத்தார். எடுத்த வாய் அப்படியே நின்றது. தொப்பியைக் கழற்றினார்.

கடைசிக் கல்

முன்னால் பனி கிழிந்திருந்தது. காடு முடிந்து தேயிலை தொடங்கும் இடம். அங்கே என் கடைசிக் கல் நின்றது. கல்லைச் சுற்றிச் சின்னச் சின்ன உப்புக் குவியல்கள். கல்லருகே மரை.

ஒன்றல்ல. கொம்புள்ள ஆண் ஒன்று, இரண்டு பெண், ஒரு குட்டி. ஆண் மரை என் வெள்ளை அம்பை நாக்கால் கீழிருந்து மேலாக நக்கியது. அதன் மூக்கிலிருந்து ஆவி வந்தது. நாக்கு கல்லில் உரசும் சத்தம், அரத்தால் அராவுவது போல, எங்களுக்குக் கேட்டது.

மூன்று பேரும் ஒரு மரத்துக்குப் பின்னால் பதுங்கினோம். சிற்றம்பலத்தாரின் கழுத்தில் இரண்டு அட்டைகள் ஏறியிருந்தன. அவர் அவற்றைத் தட்டவில்லை. அவர் கண்ணில் நீர் நிறைந்திருந்தது. பனி என்று பிறகு சொன்னார்.

அப்போதுதான் லயத்துப் பக்கமிருந்து பேச்சு கேட்டது. பேச்சியம்மா. தலையில் பால் வாளி, மேலே கம்பளி. யாரோடோ பேசிக்கொண்டு வருவது போலிருந்தது. தனியாகத்தான் வந்தாள், மருமகளை ஏசிக்கொண்டு வந்தாள்.

மரை ஓடப் போகிறது. தலைவர் கண் முன்னாலேயே ஓடப் போகிறது. கம்பி உறுதி. இரண்டு மாடும் போயிற்று.

மரை தலையைத் தூக்கி அவளைப் பார்த்தது.

"தள்ளு, தள்ளு. நேரமாச்சு" என்றாள் பேச்சியம்மா, தன் மாட்டைச் சொல்வது போல.

அது கல்லை விட்டுக் கொஞ்சம் விலகி நின்றது. அவள் கல் முன்னால் கும்பிட்டு, இடுப்பிலிருந்து ஒரு பிடி உப்பெடுத்துக் கீழே போட்டாள். நிமிர்ந்தபோது மரத்துக்குப் பின்னால் எங்களைக் கண்டுவிட்டாள்.

"யாரது அங்க? வெறகு களவெடுக்க வந்தீங்களா? இருங்க, வாச்சர் ஐயாகிட்ட சொல்றேன்!"

வாச்சர் ஐயா என் முதுகுக்குப் பின்னால் இன்னும் ஒடுங்கினான்.

மரைகள் அப்போதும் ஓடவில்லை. குட்டி அவள் போட்ட புது உப்பை முகர்ந்தது.

இதைவிட நல்ல சமயம் வாய்க்காது என்று என் மூளை சொன்னது. மரத்துக்குப் பின்னாலிருந்து வெளியே வந்தேன். வலது கையை உயர்த்தினேன். அதில் குடை இருந்ததை நான் யோசிக்கவில்லை.

"ஐயா, மூன்று காரணங்கள்..."

ஆண் மரை 'டொங்க்' என்று ஓர் ஓசை எழுப்பியது. நிலம் அதிர்ந்தது. அடுத்த கணம் அங்கே கல் இருந்தது, உப்பு இருந்தது, ஆடிக்கொண்டிருந்த ஒரு கிளை இருந்தது. மரை இல்லை.

சிற்றம்பலத்தார் மெதுவாகத் தொப்பியைப் போட்டுக்கொண்டார்.

"பாத்தீரே காணும்? அந்த மனுசி வந்தா, கதைச்சா, கும்பிட்டா. மிருகம் அசையேல்லை. நீர் வாயைத் திறந்தீர்."

"ஐயா..."

"கம்பியை உம்மைச் சுத்தித்தான் கட்ட வேணும்."

குணபால இப்போது வாயைப் பொத்திக்கொள்ளவே இல்லை.

"பிள்ளை," என்றார் அவர் பேச்சியம்மாவிடம். அவளுக்கு அவரைவிட வயது கூட இருக்கும். "நீர் ஒவ்வொரு நாளும் இதாலையோ வாறனீர்?"

"பொறந்ததுலருந்து இதாலதாங்க."

"உப்பு?"

"அட்டைக்குக் கொண்டு வர்றதுங்க. காட்டத் தாண்டுனதும் மிச்சத்த சாமிக்குப் போட்டுருவோம். நானு மட்டுமில்ல, எல்லாப் பொம்பளையும்தான். காலைல வரும்போதே ஒரு பிடி, திரும்பி வர்றப்ப மிச்சம். பத்திரமாக் கொண்டாந்து விட்டாரில்ல, அதுக்கு."

"வாரும். நேரம் போகுது, பால் கொண்டு போம்" என்றார் சிற்றம்பலத்தார். வழி விட்டு ஒதுங்கி நின்றார். அவர் யாருக்கும் வழி விட்டதை அதுவரை நான் பார்த்ததில்லை.

திங்கட்கிழமை கம்பிச் சுருள் வந்த லொறியிலேயே திரும்பிப் போனது. அடுத்த கூட்டத்தில், "செயலாளர் அடையாளக் கற்களை மிருகங்களுக்கு உகந்த இடத்தில் நட்டிருக்கிறார்" என்று தலைவர் என்னைப் பாராட்டினார். கேலியாகச் சொன்னாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. அதைக் கூட்டக் குறிப்பில் எழுத வேண்டியவனும் நானே. எழுத்துப்பிழை இல்லாமல் எழுதினேன்.

வேண்டுதல்

அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு மறுநாள் பின்கதவில் மூடிச் சத்தம் கேட்டதும் நானே எழுந்து போனேன்.

"பேச்சி, அந்தக் கல்லையெல்லாம் நான் குளத்துப் பக்கத்துல நட்டிருந்தேன். யாரு எடுத்து உங்க பாதைல வச்சது?"

"நாங்கதாங்க. ஆளு நடமாட்டமில்லாத எடத்துல முனியாண்டி சாமிய வச்சா அவருக்குக் கோவம் வந்துராதுங்களா? யாரு வெளக்குப் பொருத்துவா? அதான் எங்க மவனும் லயத்துப் பயலுகளும் தூக்கியாந்து நடக்குற பாதைல வச்சாங்க. சிலதுல வேலு வேற சாஞ்சு கெடந்துச்சு. வேலு சாஞ்சா ஊருக்கு ஆகாது. நிமித்தி நட்டோம்."

"அது சாமின்னு யாரு சொன்னா?"

அவள் என்னை வினோதமாகப் பார்த்தாள்.

"யாரும் சொல்லணுமா? பாத்தா தெரியாதா? நீங்க வச்சதுன்னும் தெரியும். உங்க கடத் துணிதானே, போன தீவாளிக்கு எம் பேத்திக்கு அதுலதான் பாவாட எடுத்தேன். கணக்கையா என்னமோ வேண்டுதலு வச்சிருக்காருன்னு அப்பவே அம்மாகிட்ட சொன்னேனே!"

நான் திரும்பினேன். செண்பகம் அடுப்படி வாசலில் நின்றாள். முகத்தில் பல வருடங்களாக நான் காணாத ஒரு வெட்கம்.

"என் முழங்கால் வலிக்குத்தானே வேண்டுனீங்க?" என்றாள். "எங்கிட்ட சொல்லாம, மழையில போயி, ஒவ்வொரு கல்லா நட்டு. எனக்குத் தெரியாதுன்னு நெனச்சீங்களா? நல்லாயிருச்சுங்க. இப்ப படி ஏறுறேன்."

நெய் தோசை எனக்கு விளங்கியது. துவைத்த காலுறை விளங்கியது. எண்ணெய் விளங்கியது.

மரைகள் ஏன் குளத்தை விட்டுப் போயின என்பதும் அப்போதுதான் விளங்கியது. என் கல் சாமியாயிற்று. சாமிக்கு உப்பு விழுந்தது. உப்புக்கு மரை வந்தது. குளம் வெறிச்சோடியது. அதைக் கண்டு கம்பிச் சுருள் வந்தது. பேச்சியம்மாவின் மாடுகளை விற்க வைக்க இருந்தது என் ஒரு டின் செங்காவிப் பெயிண்ட்.

"முழங்காலுக்குத்தானே?" என்றாள் மறுபடியும்.

பேச்சியம்மா வாளி மூடியைக் கையில் வைத்துக்கொண்டு என் பதிலுக்குக் காத்திருந்தாள்.

"ம்" என்றேன்.

அந்த வெள்ளிக்கிழமையே நேர்த்தியைச் செலுத்திவிட வேண்டும் என்று செண்பகம் பிடிவாதம் பிடித்தாள். பொங்கல் பானையை நான் தூக்கினேன். அவள் முன்னால் விறுவிறு என்று நடந்தாள். முழங்கால் உண்மையிலேயே நன்றாகிவிட்டிருந்தது. பால் பாதையில் எதிரே வந்த பெண்கள் எல்லாம் எனக்கு வழி விட்டு, "சாமி வச்ச ஐயா" என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டார்கள். வழியில் கிடந்த புழுக்கை இன்னும் ஈரமாக இருந்தது. மரை வந்து போயிருந்தது.

முதல் கல்லருகே செண்பகம் நின்றாள்.

"செருப்பக் கழட்டுங்க."

"செண்பகம், இங்க அட்ட ஜாஸ்தி. அதோட இது..."

"இது?"

கல்லைப் பார்த்தேன். மழையில் என் பெயிண்ட் பாதி போயிருந்தது. அதன் மேல் யாரோ குங்குமத்தைக் குழைத்துப் பூசியிருந்தார்கள். என் அம்பை மரைகள் நக்கித் தேய்த்துவிட்டன. அந்த இடத்தில் சுண்ணாம்பால் ஒரு வேல் வரைந்திருந்தார்கள். என்னுடையதைவிட நேராக இருந்தது.

செருப்பைக் கழற்றினேன். அட்டை காத்திருந்தது.

செண்பகம் இடுப்பிலிருந்து உப்பு முடிச்சை எடுத்து நீட்டினாள்.

"எல்லாத்தையும் கால்ல தேச்சிராதீங்க. அவருக்கும் வைங்க" என்றாள்.